இருநிழல் ஏடு: இல்லாத ஓர் உலகத்துக்குக் கைப்பிரதி செய்த பதிவு

ஏடு கட்டி முடிந்துவிட்டது. 56 தாள், 148 × 210 மில்லிமீட்டர், மடக்கிக் கட்டும் தோலுறை, முதல் தாளில் சுழலும் இரண்டு வட்டத் தட்டுகள். நடுவில் ஒரு தாளை வெட்டி எடுத்தாயிற்று, ஆகவே கையில் இருப்பது 55. கற்பனை உலகத்து மறைநூல் என்றதும் பலரும் முதலில் தேநீர்ச் சட்டியைத்தான் அடுப்பில் வைப்பார்கள். காகிதம் பழுப்பாகிவிடும், அது உண்மை. ஆனால் புரட்டிப் பார்ப்பவருக்கு ஒரு நிமிடத்திலேயே சலித்துப்போகும். ஏனென்றால் எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி பழையதாக இருக்கும். உண்மையான பழைய நூலில் ஒவ்வொரு கறைக்கும் ஒரு காரணம் உண்டு. அந்தக் காரணங்களை முதலில் எழுதி வைத்துக்கொண்டு, பிறகு காகிதத்தில் கை வைத்த முறை இது.

கணக்கு முதலில்

இந்த ஏட்டின் உலகத்தில் இரண்டு நிலவுகள். வெளியன் 18 நாளில் ஒரு சுற்று, காரி 27 நாளில் ஒரு சுற்று. இரண்டும் ஒன்றாக இருளும் இரவு 54 நாளுக்கு ஒருமுறை வரும். ஒரு நாளுக்கு ஒரு தாள் என்றால் 54 தாள், முன்னும் பின்னும் ஒவ்வொரு வெற்றுத் தாள், ஆக 56. நாலு ஷீட்டை ஒன்றுக்குள் ஒன்றாக மடித்தால் எட்டுத் தாள் கொண்ட ஒரு பாரம்; அப்படி ஏழு பாரம் மிச்சமின்றி அமைகிறது. சுற்று நாட்களை 17, 29 என்று பார்வைக்குக் கவர்ச்சியாக வைத்தால் இரண்டும் சேர 493 நாள் ஆகும். அதைத் தாளில் அடக்க முடியாது. கதை எழுதுபவர்கள் இந்த இடத்தில் எண்களை விருப்பம்போல் வைத்துவிட்டுப் பின்னால் தவிக்கிறார்கள். கட்டுமானத்துக்கு ஒத்துவரும் எண்ணைத் தேர்ந்துகொண்டால் கதையே அதிலிருந்து கிளம்பும்.

கிளம்பவும் செய்தது. வெளியன் முழுமையாக நிறைவது 9, 27, 45ஆம் நாட்களில். காரி நிறைவது 13½, 40½ல். இரண்டும் ஒருசேர நிறையும் இரவு இந்தக் கணக்கில் வரவே வராது. அப்படி ஓர் இரவுக்காகக் காத்திருக்கும் நிழல் அளப்போர் கூட்டத்தின் நூல் இது என்று வைத்துக்கொண்டால், கடைசி வெற்றுத் தாள் எதற்காக என்பதும் தெரிந்துவிடுகிறது. 27ஆம் நாளில் வெளியன் நிறைந்திருக்க, காரி முழுதும் இருண்டிருக்கும். யாரோ வெட்டி எடுத்த தாள் அந்த நாளுக்குரியது.

முதல் தாள் வெற்றுத் தாள் என்பதால் 27ஆம் நாள் 28ஆம் தாளில் வரும். 28ஆம் தாள் நாலாவது பாரத்தின் நாலாவது தாள். அதன் இணை, அதாவது அதே ஷீட்டின் மறுபாதி, 29. இரண்டும் பாரத்தின் நடு ஷீட்டில் இருப்பதால், தாளை வெட்டினாலும் தையல் தெரியும்படி ஒரு கீற்று மிஞ்சும், 29ஆம் தாள் கழன்று விழாது. தாள் வேறு இடத்தில் அமைந்திருந்தாலும் அதற்காகக் கணக்கையே மாற்றியிருக்க வேண்டியதில்லை. ஆனால் ஏட்டின் நட்டநடுவில் தையல் நூலுக்கு எதிரே வெட்டுக் கீற்று நிற்பது பார்ப்பவர் கண்ணில் தானாகப் படும்.

எதையும் வாங்குவதற்கு முன்பு ஒரு முழுத் தாளில் தேய்மானப் பட்டியல் போட வேண்டும். நாளுக்கொரு தாள் புரட்டுவதால் கீழ் வெளிமூலையில் பெருவிரல் அழுக்கு எல்லாத் தாளிலும் ஏறக்குறைய சமம். 54ஆம் நாள் இருள் இரவு, விளக்கு வேண்டும், ஆகவே மெழுகுத் துளி அங்கே மட்டும். பின்னட்டை ஈரச் சுவரோடு கிடந்தது, ஆகவே நீர்க்கறையும் பூச்சித் துளையும் பின்பக்கத்திலிருந்து உள்ளே குறைந்துகொண்டே வரும். விளிம்பைச் சுற்றிக் கருக்குவது இந்தப் பட்டியலில் இல்லை. நெருப்பில் தப்பிய நூல் நாலு பக்கமும் ஒரே அளவில் கருகியிருக்காது.

காகிதம், தேநீர், ஜெலட்டின்

முழுப் பருத்திக் காகிதம், 120 ஜிஎஸ்எம் (சதுர மீட்டருக்கு 120 கிராம்), ஏ3 அளவில் 14 ஷீட். கெட்டுப்போவதற்காக இன்னும் நாலு. இழையோட்டம், அதாவது காகித நார்கள் ஓடும் திசை, ஏ3யின் நீளவாட்டில் இருக்க வேண்டும். அதைக் குறுக்கே பாதியாக வெட்டினால் கிடைக்கும் ஏ4இல் இழை குட்டைப் பக்கத்துக்கு இணையாக வரும், மடிக்கும்போது மடிப்போடு சேர்ந்து ஓடும். தெரியாவிட்டால் ஒரு சிறு துண்டை நனைத்துப் பார்க்கலாம், அது எந்தப் பக்கம் சுருள்கிறதோ அந்தச் சுருளின் அச்சுதான் இழையோட்டம். இழை குறுக்கே இருந்தால் மடிப்பு நார்நாராக வெடிக்கும், ஏடும் திறந்தபின் படுக்காமல் விறைத்து நிற்கும்.

சாயத்துக்கு ஒரு லிட்டர் நீருக்கு 20 கிராம் தேயிலைத் தூள். பத்து நிமிடம் கொதிக்கவைத்து, துணியில் இருமுறை வடிகட்டி, முழுதும் ஆறவிட வேண்டும். இந்த ஆறவிடும் வேலையைத் தவிர்த்த முதல் தொகுதி வீணாயிற்று. சூடான தேநீரில் ஊறிய காகிதம் பார்க்க அருமையாக இருந்தது, ஆனால் அதில் எழுதிய கோடு ஒவ்வொன்றும் மயிர்க்கால் விட்டுப் பரவியது. காரணம் எளிது. இந்த வகைக் காகிதத்தின் மேற்பரப்பில் மை ஊறாமல் தடுப்பது ஜெலட்டின் பூச்சு, அது வெந்நீரில் கரைந்து போய்விடும். ஆறிய தேநீரில் ஐந்து முதல் எட்டு நிமிடம் போதும். எட்டைத் தாண்டினால் நிறம் கூடுவதில்லை, காகிதம் மட்டும் தளர்கிறது.

ஆறிய தேநீரிலும் பூச்சு கொஞ்சம் போகும். அதனால் உலர்ந்தபின் 2 சதவீத ஜெலட்டின் கரைசல் ஒருமுறை: 20 கிராம் ஜெலட்டினை ஒரு லிட்டர் தண்ணீரில் அரைமணி ஊறவைத்து, 45 முதல் 50 பாகை செல்சியஸுக்குச் சூடாக்கி, அகலத் தூரிகையால் இருபுறமும் ஒரு கை. கொதிக்கவிட்டால் ஒட்டும் தன்மை கெடும். ஓரத் துண்டில் மை வைத்துச் சோதித்துவிட்டுத்தான் முழு ஷீட்டுக்குப் போக வேண்டும்.

பாத்திரம் பிளாஸ்டிக் அல்லது எவர்சில்வர். இரும்புத் தட்டில் தேநீர் ஊற்றினால் காகிதம் பழுப்புக்குப் பதிலாகச் சாம்பல் நிறத்துக்கு ஓடும். தேயிலையில் உள்ளது போன்ற துவர்ப்பும் இரும்பும் சேர்ந்தால் மை. இதே வேதியியல் இந்த வேலையில் இன்னும் இரண்டு இடத்தில் குறுக்கே வரப்போகிறது.

உலர்த்தும்போது கிளிப் போட்டுத் தொங்கவிட்டால் சாயம் இறங்கிக் கீழ் விளிம்பில் பட்டையாகத் தேங்கும். வலை மேல் படுக்கப் போடலாம். இன்னும் சற்று ஈரம் இருக்கும்போதே ஒற்றுத்தாள்களுக்கு நடுவே 15 முதல் 20 கிலோ எடையில் வைத்து, நாலு மணி நேரத்துக்கு ஒருமுறை ஒற்றுத்தாளை மாற்ற வேண்டும். அலையலையாக இருக்கும் காகிதத்தில் கோடு போடுவது வீண்வேலை.

கோடும் ஓரமும்

பக்கத்தின் அகலத்தையும் உயரத்தையும் ஒன்பதாகப் பிரித்து, உள் ஓரமும் மேல் ஓரமும் ஒரு பங்கு, வெளி ஓரமும் கீழ் ஓரமும் இரண்டு பங்கு. இந்த அளவில் உள்ளே 16, மேலே 23, வெளியே 33, கீழே 47 மில்லிமீட்டர். நடுவில் 99 × 140. வரிக்கு 10 மில்லிமீட்டர் வைத்தால் சரியாக 14 வரி. கீழ் ஓரம் கண்ணுக்கு அதிகமாகத் தெரியும், ஆனால் விரல் பிடிப்பதும் நீர்க்கறை ஏறுவதும் அங்கேதான், அதனால் குறைக்கக் கூடாது.

ஒரு அட்டைப் பட்டையில் 10 மில்லிமீட்டர் இடைவெளியில் 15 துளை. மடித்த பாரத்தின் நாலு ஷீட்டையும் சேர்த்துப் பிடித்து, வெளி விளிம்பிலிருந்து 5 மில்லிமீட்டர் உள்ளே ஊசியால் குத்தினால் எல்லாத் தாளிலும் ஒரே இடத்தில் புள்ளி விழும். கோடு பென்சிலால் போடவில்லை. முனை மழுங்கிய ஊசியால் அழுத்திக் கீறினால் முன்பக்கம் பள்ளமும் பின்பக்கம் மேடும் கிடைக்கும், இரண்டு பக்கத்துக்கும் ஒரே கீறல் போதும். பென்சில் கோட்டை அழிக்கும் வேலையும் மிச்சம், விளக்கைச் சாய்த்துப் பிடித்தால் கோடுகள் தெரிவதும் அழகு. ஐரோப்பிய இடைக்காலப் படியெடுப்பாளர்கள் பலர் இப்படித்தான் செய்தார்கள்.

எழுத்தும் மொழியும்

ஆங்கிலத்தையோ தமிழையோ எழுத்துக்கு எழுத்து மாற்றி எழுதுவது மறையெழுத்து, வேற்று மொழி அல்ல. தமிழை அப்படி மாற்றினால் புள்ளி வைத்த எழுத்துகளின் அடுக்கும், சொல்லின் முதலில் வராத எழுத்துகளும் சேர்ந்து காட்டிக்கொடுத்துவிடும். மறுகோடியில், கை போன போக்கில் கிறுக்கினால் இரண்டு பக்கத்தில் கை களைத்து ஒரே நாலு உருவத்தைச் சுற்றிச் சுற்றி வரும்.

இங்கே வைத்தது 19 அடிப்படைக் குறி, அவற்றின் மேல் ஏறும் 4 உயிர்க்குறி. கட்டுப்பாடுகள் மூன்று. இரண்டு குறிகள் சொல்லின் இறுதியில் மட்டும் வரும். உயரமான ஒரு குறி பத்தியின் முதல் எழுத்தாக மட்டும் வரும். ஒரே குறி அடுத்தடுத்து இருமுறை வராது. இவ்வளவுதான், ஆனால் தவறாமல் கடைப்பிடித்தால் மூன்றாம் பக்கத்திலேயே பார்ப்பவருக்கு இது ஏதோ மொழி என்ற உணர்வு வந்துவிடும்.

குறிகளை வரையும்போது பேனாவைக் கையில் வைத்துக்கொண்டே வரைய வேண்டும். தமிழ் எழுதிப் பழகிய கை சுழியைத் தேடும். 1 மில்லிமீட்டர் தட்டை நிப்பில் 2 மில்லிமீட்டருக்குக் குறைந்த சுழி அடைத்துக்கொண்டு கறுப்புப் புள்ளியாகிவிடும். தட்டை நிப்பை மேல்நோக்கித் தள்ளவும் முடியாது, காகிதத்தைக் கிழிக்கும். எல்லாக் கோடும் கீழேயோ வலப்பக்கமாகவோ இழுப்பதாக இருக்க வேண்டும். பென்சிலில் வரைந்து ரசித்த குறிகளில் பாதியை இந்த ஒரு காரணத்தால் கழிக்க நேர்ந்தது. எழுத்தின் உடல் உயரம் நிப்பின் அகலத்தைப் போல் நாலு மடங்கு, அதாவது 4 மில்லிமீட்டர்.

சொற்களுக்கு ஒரு பகடை அட்டவணை. முதலசை 12, நடுவசை 6, இறுதியசை 6, ஆக 432 சேர்க்கை. அதிலிருந்து 90 மட்டும் எடுத்து மீதியை விட்டுவிட வேண்டும். அந்த 90இலும் பத்துச் சொற்கள் மொத்த எழுத்தில் மூன்றில் ஒரு பங்கை நிரப்பும்படி எழுதினால்தான் மொழியின் சாயல் வரும். எல்லாச் சொல்லும் சமமாக வந்தால் அது பட்டியல்.

எண்களுக்குத் தனிச் சொற்கள், ஒன்பதின் அடிமானத்தில். 18, 27, 54 மூன்றும் ஒன்பதின் மடங்குகள். 1 முதல் 8 வரை எட்டுச் சொல், 9, 18, 27, 36, 45, 54 ஆகியவற்றுக்கு ஆறு, மொத்தம் 14 சொல்லில் ஏடு முழுதும் எண்ணிவிடலாம். ஒவ்வொரு தாளின் முன்பக்கத்திலும் முதல் வரி மாறாத பல்லவி. இரண்டாம் வரியில் அன்றைய நாளெண், வெளியனின் எண், காரியின் எண். பிறகு பத்து வரி மந்திரம், கடைசி இரண்டு வரி முடிப்பு. பின்பக்கத்தில் அந்த இரவின் இரு நிழல்களும் விழும் கோணப் படம். பொறுமையுள்ள வாசகர் இரண்டாம் வரிகளை ஒப்பிட்டாலே எண் சொற்கள் அத்தனையையும் கண்டுபிடித்துவிடலாம். அந்த ஒரு வாசலைத் திறந்து வைக்கத்தான் வேண்டும். முழுதும் பூட்டிய புதிரை யாரும் இரண்டாம் முறை கையில் எடுப்பதில்லை.

இந்த வகை நூல்களுக்கு எல்லோரும் முன்மாதிரியாக வைப்பது யேல் பல்கலைக்கழகத்தின் பைனெக்கி நூலகத்தில் எம்.எஸ். 408 என்ற எண்ணில் இருக்கும் வாய்னிச் கைப்பிரதியை. அதன் தோல் 1404–1438 காலத்தது என்று கதிரியக்கக் கார்பன் சோதனை சொல்கிறது, எழுத்தை இன்னும் யாரும் படிக்கவில்லை. அதில் திருத்தங்கள் ஏறக்குறைய இல்லாதது அதன் மீதான சந்தேகங்களில் ஒன்று. ஆகவே இந்த ஏட்டில் திருத்தங்களைத் தெரிந்தே வைத்தாயிற்று: தவறான சொல்லின் கீழ் வரிசைப் புள்ளி, கத்தியால் சுரண்டி மேலே எழுதியது, விட்டுப்போன வரியை ஓரத்தில் எழுதிக் குறியிட்டது. பாரத்துக்கு ஒன்றிரண்டு போதும். ஒவ்வொரு பாரத்தின் கடைசிப் பக்கத்திலும் கீழே அடுத்த பாரத்தின் முதற்சொல்லைச் சிறிதாக எழுத வேண்டும். தைக்கும்போது வரிசை தப்பாமல் இருக்க அது உண்மையிலேயே உதவுகிறது.

மை

துவர்ப்புக்கு மாசிக்காய் மூன்று பங்கு, இரும்புக்கு அன்னபேதி என்ற இரும்பு உப்பு இரண்டு, பிசின் ஒன்று, நீர் முப்பது. மாசிக்காய் 15 கிராம், அன்னபேதி 10, கருவேலம் பிசின் 5, காய்ச்சி வடித்த நீர் 150 மில்லி போட்டால் இந்த ஏட்டுக்குத் தாராளம். பாதிக்கு மேல் மிஞ்சும். மாசிக்காயை இடித்து நீரில் ஒரு வாரம் ஊறவைத்து, துணியில் வடிகட்டி, அன்னபேதியைக் கலக்க வேண்டும். கலந்ததும் கறுக்கும். பிசினைக் கடைசியில் தனியாகக் கரைத்துச் சேர்த்து, இரண்டு கிராம்பு போட்டு வைத்தால் பூஞ்சை பிடிப்பது குறையும். அன்னபேதி வெளிர்பச்சைப் பளிங்காக இருக்க வேண்டும்; துருநிறத் தூளாகிவிட்டிருந்தால் காற்றுப் பட்டுப் பழுதானது, வேறு வாங்குவது நல்லது. கையுறை அவசியம். மாசிக்காய்க்குப் பதில் கடுக்காயும் மை தரும், நிறம் சற்று வேறாக வரும்.

எழுதும்போது இந்த மை வெளிறிய சாம்பலாகத் தெரியும், காற்றுப் பட்டு ஓரிரு நாளில் கறுக்கும். வெளிறித் தெரிகிறதே என்று ஒரே கோட்டின் மேல் மறுபடி எழுதினால் மறுநாள் அந்தச் சொல் மட்டும் துருத்திக்கொண்டு நிற்கும். அன்னபேதியைக் கூட்டினால் கறுப்பு கூடும் என்பது பொதுவான தவறு. துவர்ப்போடு சேராமல் மிஞ்சும் இரும்பு காகிதத்தை அரிக்கும், தேநீர்க் காகிதத்தில் எழுத்தைச் சுற்றிச் சாம்பல் வளையமும் விடும். எஃகு நிப்பையும் இது தின்னும். அரைமணிக்கு ஒருமுறை கழுவித் துடைக்க வேண்டும். ஊற்றுப் பேனாவில் ஊற்றவே கூடாது.

படங்களுக்கு இந்த மை ஆகாது. வானத்துக்கு எடுத்த நீலம் அல்ட்ராமரின், அமிலம் பட்டால் நிறம் இழக்கும் வகை. மாசிக்காய் மை அமிலத்தன்மை கொண்டது. சோதனைத் தாளில் நீலத்தின் மேல் இழுத்த கோட்டின் ஓரம் வெளிறியதைப் பார்த்தபின் படக் கோடுகளுக்குப் புகைக்கரியும் பிசினும் கலந்த மைக்கு மாறியாயிற்று. சிவப்புக்குக் காவி. இங்குலிகத்தின் சிவப்புக்கு ஈடில்லைதான், ஆனால் பாதரசம் கலந்த பொருளை விரல் படும் ஏட்டில் வைக்க வேண்டாம். பொடி ஒரு பங்குக்கு, பிசின் ஒரு பங்கு நீர் இரண்டு பங்கு கலந்த கரைசல் ஏறக்குறைய சம அளவு. உலர்ந்தபின் விரலில் ஒட்டினால் பிசின் குறைவு, வெடித்தால் அதிகம்.

கை பழகியபின் ஒரு பக்கம் எழுத முக்கால் மணி நேரம். வரிக்கு ஆறு சொல், பக்கத்துக்கு எண்பதுக்குச் சற்று மேல். ஷீட்டுகள் மடிக்காமல் தனித்தனியாக இருக்கும்போது எழுதுவதால் எந்தத் தாளுக்கு எது இணை என்று மடிப்பருகே மெல்லிய பென்சில் எண் இட வேண்டும். பாரத்துக்குள் இரண்டு இணைத் தாள்களின் இடத்தைக் கூட்டினால் எப்போதும் ஒன்பது வரும். வராவிட்டால் எழுதுவதை நிறுத்திச் சரிபார்க்கலாம்.

சுழல்தட்டு

முதல் தாளின் பின்பக்கத்தில், அதாவது முதல் நாளுக்கு எதிரே, இரண்டு வட்டத் தட்டுகள் அருகருகே. தட்டின் ஆரம் 20 மில்லிமீட்டர், அதைச் சுற்றிப் பக்கத்தில் 24 ஆரம் வரை குறி வளையம். இரண்டு வளையமும் சேர்ந்து 96, நடுவில் 3, ஆக 99 மில்லிமீட்டரும் சரியாக நிறைகிறது. வெளியனுக்கு 20 பாகைக்கு ஒரு குறியாக 18, காரிக்கு 13⅓ பாகைக்கு ஒன்றாக 27. மூன்றில் ஒரு பாகையைப் பாகைமானியில் பிடிக்க முடியாது. வட்டத்தை 120 பாகையாக மூன்றாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் 40 ஆக மூன்றாக்கி, அதையும் மூன்றாகப் பிரித்தால் 27 வந்துவிடும்.

நிலவு வளர்வதையும் தேய்வதையும் காட்டும் வழி எளிமையானது. தட்டில், மையத்திலிருந்து 14 மில்லிமீட்டர் தள்ளி, 8 விட்டத்தில் ஒரு துளை. அதன் கீழே பக்கத்தில் 14 ஆரமுள்ள கரிய வட்டம், ஆனால் அதன் மையம் தட்டின் மையத்திலிருந்து 4 மில்லிமீட்டர் விலகியது. தட்டைச் சுழற்றினால் துளைக்குள் கறுப்பு ஒரு பக்கம் முழுதும் நிறைந்து, எதிர்ப் பக்கத்தில் முழுதும் விலகிவிடும். விலகல் 4க்குக் குறைந்தால் முழு இருளும் முழு ஒளியும் கிடைக்காது, எப்போதும் ஒரு கீற்று மிஞ்சும்.

தட்டுக்கு 300 ஜிஎஸ்எம் காகிதம். அச்சுக்குப் பித்தளைப் பின் போட்டுப் பார்த்ததில் அதன் தலை பின்னாலுள்ள தாள்களில் எல்லாம் பள்ளம் பதித்தது. மெழுகிட்ட லினன் நூலை இரு முனையிலும் முடிச்சிட்டு, முடிச்சுக்கும் தாளுக்கும் நடுவே 6 மில்லிமீட்டர் மெல்லிய தோல் வட்டம் வைத்ததும் சரியாகிவிட்டது. பசை ஒரு துளிகூட வேண்டாம்.

வெட்டுப்பட்ட தாள்

28ஆம் தாளை வெற்றாக வெட்டி எறிந்துவிடலாம் என்று தோன்றும். அப்படிச் செய்யக் கூடாது. முழுதாக எழுதி, படம் வரைந்து, அதன் மைத் தடத்தை எதிர்ப் பக்கங்களில் விட்டுவிட்டுத்தான் வெட்ட வேண்டும். இந்தத் தாளுக்கு மட்டும் மையில் பிசின் இரட்டிப்பு. 27ஆம் தாளின் பின்பக்கத்தையும் 29ஆம் தாளின் முன்பக்கத்தையும் ஈரப் பஞ்சால் மிக லேசாக ஒற்றி, மடித்து, 20 கிலோ எடையில் சில நிமிடம். தலைகீழ்ப் பிம்பமாக மங்கலான தடம் விழுகிறது, கண்ணாடியில் பிடித்தால் காணாமல் போன பக்கத்தின் நாளெண்ணும் சில சொற்களும் படிக்கக் கிடைக்கின்றன.

எதிர்ப் பக்கங்களின் சொந்த எழுத்து ஒரு வாரமாவது காற்றில் இருந்து இறுகிய பிறகே இதைத் தொட வேண்டும். அதற்கு முன் ஈரம் பட்டால் கரையும் பகுதி கலைந்து பக்கம் முழுதும் ஊதா மூட்டமாகிறது.

வெட்டு வேலை தைத்து முடித்தபின். மடிப்பிலிருந்து 12 மில்லிமீட்டர் விட்டு, அளவுகோல் வைக்காமல், மேலிருந்து ஒரே இழுப்பு. அவசரத்தில் வெட்டியவரின் கத்தி அடியிலிருக்கும் 29ஆம் தாளையும் கீறும். அந்தக் கீறலைத் தடுக்க அட்டை கொடுக்க வேண்டாம்.

தையலும் தோலும்

உறைக்குத் தாவரத் துவர்ப்பில் பதம் செய்த தோல், 1.5 மில்லிமீட்டர். அளவு: முன்னட்டை 150, முதுகு 16, பின்னட்டை 150, மடங்கும் மூடி 95, மொத்தம் 411 × 214. முதுகின் அளவை ஏழு பாரத்தையும் அடுக்கி, கையால் அழுத்திப் பிடித்து அளந்தபின்தான் முடிவு செய்ய வேண்டும். சாயமும் ஜெலட்டினும் ஏறிய காகிதம் புதுக் காகிதத்தைவிடப் பருமன்.

பசை இல்லாத நீள்தையல், நூல் உறை வழியாகவே ஓடும். மேலிருந்து 20, 75, 135, 190 மில்லிமீட்டரில் நாலு துளை. பாரத்துக்கு ஒரு வரிசை என முதுகில் 2 மில்லிமீட்டர் இடைவெளியில் ஏழு துளை. இங்கேதான் தோல் கிழிந்தது. நெருக்கமாகக் குத்திய துளைகள் தபால்தலை விளிம்பு மாதிரி கிழியக் காத்திருக்கும், நூலை இறுக்கியதும் மேல் வரிசை முழுதும் ஒரே பிளவாயிற்று. மறுமுறை முதுகின் வெளிப்பக்கம் 16 × 214 அளவில் 2.5 மில்லிமீட்டர் கெட்டித் தோல் பட்டையை வைத்து இரண்டையும் சேர்த்துக் குத்தியதில் தாங்கிவிட்டது. பழைய நீள்தையல் நூல்களில் முதுகில் கொம்பு அல்லது மரத் தகடு இருப்பது இதற்காகவே. நூல் தேன்மெழுகிட்ட லினன், இரண்டரை மீட்டர். பாரத்தின் நடுவில் குத்தூசியால் முன்கூட்டியே துளையிட்டு, ஊசி மழுங்கியதாக வைத்துக்கொண்டால் நூலை நூலே குத்தாது.

ஈரத் தோலின் மேல் இரும்புக் கருவியை வைத்தால் நீலக்கறுப்பு அச்சு விழும். தேநீர்த் தட்டில் வந்த அதே சிக்கல். அதை வேலைக்கும் வைத்துக்கொள்ளலாம்: இரும்புப் பஞ்சை வினிகரில் சில நாள் ஊறவைத்து வடித்த நீரை மூடியின் விளிம்பில் தடவினால், தோல் சாயமில்லாமலே கறுக்கும். பின்பு சமையல் சோடா கரைத்த நீரால் துடைத்து, எண்ணெய் ஒரு கை.

பழமை

நீர்க்கறைக்குத் தேநீர் தேவையில்லை, சுத்தமான தண்ணீர் போதும். மூடிய ஏட்டின் பின் கீழ்மூலையைத் தட்டில் அரை மில்லிமீட்டர் நீரில் நிறுத்தினால் ஈரம் ஏறும். ஈரத்தின் முனை காகிதத்திலுள்ள சாயத்தைத் தள்ளிக்கொண்டு போய், உலரும் இடத்தில் பழுப்புக் கோடாக விட்டுவிடும். 30 மில்லிமீட்டரைத் தாண்டாமல் பார்த்துக்கொண்டால் எழுத்துக்கு ஆபத்தில்லை. உடனே ஒற்றுத்தாள் இட்டு விசிறிக் காற்றில் உலர்த்த வேண்டும், இல்லையென்றால் ஜெலட்டினில் பூஞ்சை பிடிக்கும்.

பூச்சித் துளைக்கு 1.2 மில்லிமீட்டர் துளைப்பான், கையால் திருகியது. தோலுறையில் தொடங்கி 56ஆம் தாளிலிருந்து 49 வரை. நேராகப் போட்டால் ஆணியடித்த மாதிரி இருக்கும். நாலைந்து தாளாகப் பிரித்து, ஒவ்வொரு முறையும் அரை மில்லிமீட்டர் நகர்த்தித் துளைத்தால் பூச்சி வளைந்து போன பாதை கிடைக்கும். துளை எழுத்தைத் தின்றிருக்க வேண்டும். துளையை விலக்கி எழுதியிருந்தால், எழுதும் முன்பே துளை இருந்ததாக அர்த்தமாகிவிடும்.

விரல் அழுக்குக்கு அம்பர் (umber) என்ற பழுப்பு மண்பொடியில் துளி தேன்மெழுகு சேர்த்து, பெருவிரலால் மூலையில் தேய்ப்பது. புரட்டுகிற விதத்திலேயே தேய்க்க வேண்டும், தூரிகையில் பூசினால் தெரிந்துவிடும். 54ஆம் நாளின் தாளில் மெழுகுவத்தித் துளி மூன்று. இறுகியபின் சுரண்டினால் காகிதம் ஒளி ஊடுருவும் வட்டங்களாக மிஞ்சும்.

செலவில் பாதிக்கு மேல் காகிதமும் தோலும். மை, சாயம், நூல் எல்லாம் சேர்ந்தும் நாலில் ஒரு பங்கு வராது. நேரத்தைக் கணக்கிட்டால் தலைகீழ், எழுதுவதே பெரும்பகுதியைத் தின்கிறது.

அடுத்த ஏட்டுக்கு மாற்ற வேண்டியவை: காகிதம் 100 ஜிஎஸ்எம், ஏனென்றால் 120இல் நாலு ஷீட் மடிப்பின் உள்தாள்கள் வெளியே துருத்துகின்றன. உறைத் தோல் 1.2 மில்லிமீட்டர், முதுகுப் பட்டை முதலிலிருந்தே. நிப் 0.8, அப்போது வரிக்கு எட்டுச் சொல் அடங்கும். சுழல்தட்டின் குறி வளையத்துக்கு இன்னும் 2 மில்லிமீட்டர் அகலம் தேவை, காரியின் 27 குறிகளில் எண் எழுத இடம் போதவில்லை. அதற்கு 99 மில்லிமீட்டருக்குள் இடமில்லாததால் இரண்டு தட்டுகளையும் மேலும் கீழுமாக வைக்க வேண்டியிருக்கும்.